செரண்டிபைட் என்ற பெயர் எங்கிருந்து வந்தது?

கேள்வி இதுதான்: "செரண்டிபைட் என்று ஓர் அபூர்வக் கனிமம் இருக்கிறதாமே. எதிர்பாராத நல்வாய்ப்பைக் குறிக்கும் செரண்டிபிட்டி என்ற ஆங்கிலச் சொல்லிலிருந்து வந்த பெயரா அது? தற்செயலாகக் கிடைத்ததால் அப்படி வைத்தார்களா? தமிழில் எழுதும்போது எப்படிப் பயன்படுத்துவது?"

முதல் இரண்டுக்கும் இல்லை என்பதே பதில். இது இடப்பெயரால் அமைந்த கனிமப் பெயர். செரண்டிப் அல்லது சரந்தீப் என்பது அரபு, பாரசீக வணிகர்களும் பயணிகளும் இலங்கைக்கு வழங்கிய பழைய பெயர். அதனோடு, கனிமங்களுக்கு வழக்கமாகச் சேர்க்கும் "ஐட்" என்ற ஈறு ஒட்டிக்கொண்டது. இந்த ஈறு கிரேக்கத்திலிருந்து வந்தது. "அதைச் சார்ந்த கல்" என்ற பொருளில் பழங்காலம் முதலே கற்களின் பெயரில் வருகிறது. ஆக, செரண்டிபைட் என்றால் சரந்தீப்பின் கல், அதாவது இலங்கைக் கல். செரண்டிபிட்டியும் அதே தீவின் பெயரிலிருந்து பிறந்ததுதான். ஆனால் அது வேறொரு வழியாக, வேறொரு நூற்றாண்டில், வேறொருவர் கையால் பிறந்தது.

தமிழில் படிப்பவர்களுக்கு இந்தக் குழப்பம் இன்னும் எளிதாக வந்துவிடும். காரணம் நம் எழுத்து. கனிமத்தின் பெயரில் ஒலிப்பது "கம்பம்" என்பதில் வரும் மென்மையான ப. செரண்டிபிட்டியில் ஒலிப்பது "பழம்" என்பதில் வரும் அழுத்தமான ப. நமக்கு இரண்டுக்கும் ஒரே எழுத்துத்தான் என்பதால், தமிழில் எழுதியதும் வேறுபாடு மறைந்துவிடுகிறது. ஆனால் அந்த ஒலி வேறுபாட்டில்தான் இரண்டு சொற்களின் வரலாறும் இருக்கிறது. அரபு மொழியில் "பழம்" ப ஒலி கிடையாது. அதனால் அரபுப் பெயர் மென்மையான ப ஒலியோடு முடிகிறது. கனிமப் பெயர் அதை அப்படியே எடுத்துக்கொண்டது. ஆங்கிலச் சொல்லோ இத்தாலி வழியாக வந்தது. 1557-இல் வெனிஸ் நகரில் அச்சான ஒரு கதைத் தொகுப்பில் தீவின் பெயர் "செரெந்திப்போ" என்று அழுத்தமான ப ஒலியோடு இடம்பெற்றது. அந்தத் தீவின் மூன்று இளவரசர்களைப் பற்றிய அக்கதையின் வேர் அமீர் குஸ்ரோவின் பாரசீகக் கவிதையில் இருக்கிறது. அது ஐரோப்பிய மொழிகளில் சுற்றி வந்த பிறகு, 1754 ஜனவரி 28 அன்று ஹொரேஸ் வால்போல் என்ற ஆங்கில எழுத்தாளர் தன் நண்பர் ஹொரேஸ் மானுக்கு எழுதிய கடிதத்தில் செரண்டிபிட்டி என்ற சொல்லை உருவாக்கினார். கதையில் இளவரசர்கள் தாங்கள் தேடாத உண்மைகளைத் தற்செயலாலும் கூர்மதியாலும் கண்டுகொண்டே போகிறார்கள். அந்தத் திறனுக்கு ஒரு பெயர் வேண்டும் என்று நினைத்தார் அவர்.

காலவரிசையையும் பாருங்கள். வால்போலின் கடிதம் அச்சில் வந்தது 1833-இல். அதன் பிறகும் பல பத்தாண்டுகள் அந்தச் சொல்லைப் புத்தகச் சேகரிப்பாளர்கள் சிலரைத் தவிர யாரும் தொடவில்லை. ஆய்வகங்களில் நிகழும் எதிர்பாராத கண்டுபிடிப்புகளைக் குறிக்க அது பரவலானது 20-ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதியை ஒட்டித்தான். ஹார்வர்டின் உடலியல் அறிஞர் வால்ட்டர் கேனன் போன்றவர்கள் அதற்கு முக்கியக் காரணம். செரண்டிபைட் பற்றிய முதல் ஆய்வுக் கட்டுரை லண்டனில் கனிமவியல் ஆய்விதழில் வெளிவந்தது 1903-இல். அன்றைக்கு ஒரு கனிமவியலாளர் செரண்டிப் என்று எழுதினால், படிப்பவர் மனதில் தோன்றியிருக்கக்கூடியது இலங்கை. அதிர்ஷ்டம் அல்ல.

அந்தக் கட்டுரையை எழுதிய இருவரைப் பற்றியும் சொல்ல வேண்டும். ஒருவர் ஜி. டி. பிரையர். பிரிட்டிஷ் அருங்காட்சியகத்தின் கனிமப் பிரிவில் பணியாற்றியவர், விண்கற்களின் வேதியியலில் பெயர் பெற்றவர். இன்னொருவர் ஆனந்த குமாரசுவாமி. ஆம், நடராசர் வடிவத்தைப் பற்றியும் இந்தியக் கலையைப் பற்றியும் எழுதி உலகப் புகழ்பெற்ற அதே குமாரசுவாமிதான். 1877-இல் கொழும்பில் பிறந்தவர். தந்தை சர் முத்து குமாரசுவாமி இலங்கைத் தமிழர். தாய் எலிசபெத் ஆங்கிலேயப் பெண்மணி. பொன்னம்பலம் இராமநாதனும் பொன்னம்பலம் அருணாசலமும் இவருக்கு அத்தை மகன்கள். லண்டன் யூனிவர்சிட்டி கல்லூரியில் இவர் படித்தது நிலவியலும் தாவரவியலும். கலையைப் பற்றி ஒரு பெரிய நூல் எழுதுவதற்கு முன்பே பாறைகளைப் பற்றிப் பல ஆய்வுக் கட்டுரைகளை எழுதி முடித்திருந்தார். நம்மவர்கள் குமாரசுவாமியைப் பேசும்போது இந்தப் பக்கத்தை ஒரு வரியில் கடந்துவிடுகிறார்கள் என்பது எனக்கு உண்மையான வருத்தம். 1903 முதல் 1906 வரை அவர் இலங்கைக் கனிமவியல் அளவைத் துறையின் இயக்குநராக இருந்தார். லண்டன் பல்கலைக்கழகம் 1906-இல் அவருக்கு அளித்த அறிவியல் முனைவர் பட்டமும் இலங்கையின் நிலவியல் ஆய்வுக்காகத்தான்.

கண்டுபிடிப்பு தற்செயலா என்ற கேள்விக்கு விடை இங்கேதான் இருக்கிறது. குமாரசுவாமி 1900-இல் இலங்கைப் பாறைகளையும் காரீயத்தையும் (கிராஃபைட்) பற்றி எழுதினார். 1902-இல் இலங்கையின் படிகச் சுண்ணாம்புப் பாறைகளைப் பற்றி எழுதினார். செரண்டிபைட் கிடைத்த இடம், கண்டிப் பகுதியில் அம்பகோட்டைக்கு அருகே உள்ள கங்கபிட்டிய. அங்கே படிகச் சுண்ணாம்புப் பாறையும் கிரானுலைட் என்ற உருமாறிய பாறையும் ஒன்றையொன்று தொடும் எல்லையில், நீல நிற மணிகளாக இது கிடந்தது. சுண்ணாம்புப் பாறைகளின் எல்லைகளைத் தேடித் தேடி ஆராய்ந்துகொண்டிருந்த ஒருவர், அத்தகைய எல்லை ஒன்றில் ஒரு நீலக் கனிமத்தைப் பார்க்கிறார். அது ஏற்கெனவே பெயருள்ள எதனோடும் பொருந்தவில்லை. பிரையர் பகுத்துப் பார்த்ததில் போரானும் சிலிக்காவும் கலந்த புதிய சேர்மம் என்று உறுதியாகிறது. இதைத் தற்செயல் என்பது, அந்த உழைப்பைக் குறைத்துச் சொல்வதாகும்.

அடுத்து, இலங்கைக்கு எத்தனையோ பெயர்கள் இருக்க, ஏன் செரண்டிப்? பெயர் வைத்தவர்கள் மனதில் இருந்ததை நாம் படிக்க முடியாது. ஆனால் ஒரு நடைமுறைக் காரணம் தெளிவாகத் தெரிகிறது. "சிலோன்" என்ற பெயரை இன்னொரு கல் முன்பே எடுத்துக்கொண்டுவிட்டது. ஸ்பினல் என்ற மணிக்கல்லின் இரும்பு கலந்த கருநிற வகைக்கு 18-ஆம் நூற்றாண்டின் இறுதியிலேயே சிலோனைட் என்ற பெயர் வந்துவிட்டது. அந்த ஸ்பினலோ கங்கபிட்டியப் பாறையில் செரண்டிபைட்டோடு கூடவே வரும் கனிமம். அங்கே இன்னொரு சிலோனைட் சாத்தியமே இல்லை.

இந்தத் தீவின் பழம்பெயர்கள் ஒவ்வொன்றும் ஒரு கல்லுக்குப் போன கதை எனக்கு மிகவும் பிடித்தது. சிலோனைட் இன்று தனிக் கனிமப் பெயராக இல்லை, ஒரு வகைப் பெயராக மட்டும் எஞ்சியிருக்கிறது. சின்ஹலைட் 1952-இல் வந்தது. அதுவரை பழுப்பு நிறப் பெரிடாட் என்று நினைத்து விற்றுக்கொண்டிருந்த கற்கள், உண்மையில் மக்னீசியம், அலுமினியம், போரான் சேர்ந்த தனிக் கனிமம் என்று தெரிந்தபோது சிங்களம் என்ற பெயர் அதற்குப் போனது. கிரேக்கர்கள் இலங்கையை அழைத்த தாப்ரொபேன் என்ற பெயரை வைத்து 1981-இல் தாப்ரொபனைட் என்று ஒரு புதுக் கனிமம் அறிவிக்கப்பட்டது. ஆனால் அது ஏற்கெனவே அறியப்பட்ட டாஃபைட் என்பதேதான் என்று விரைவில் நிறுவப்பட்டு, பெயர் நீக்கப்பட்டது. டாஃபைட்டுக்கும் பின்னாளில் எண்களும் எழுத்துகளும் சேர்ந்த நீண்ட பெயர் வந்து சேர்ந்தது. இவற்றுக்கு நடுவே செரண்டிபைட் மட்டும் 120 ஆண்டுகளாக ஓர் எழுத்தும் மாறாமல் இருக்கிறது. கனிமப் பெயர்களை ஏற்கவும் நீக்கவும் சர்வதேசக் கனிமவியல் சங்கத்தின் ஆணையம் 1959-இல் வந்தபோது, அதற்கு முன்பே நிலைபெற்றிருந்த பெயர்களில் ஒன்றாக இதுவும் ஏற்கப்பட்டது. 2008-இல் சஃபிரின் என்ற கனிமத்தின் பெயரால் அமைந்த பெருங்குழுவின் பெயர்கள் எல்லாம் ஒழுங்குபடுத்தப்பட்டன. அந்தக் குழுவில் செரண்டிபைட்டும் ஓர் உறுப்பினர். அப்போதும் பெயர் தப்பித்தது.

சரந்தீப் என்ற சொல்லின் உள்ளே இருப்பது என்ன? சிங்களத் தீவு. நாம் தமிழில் சொல்லும் அதே அமைப்புத்தான். சமஸ்கிருத சிம்ஹளத்வீபம், பாலியில் சீஹளதீபம். 6-ஆம் நூற்றாண்டில் காஸ்மாஸ் என்ற கிரேக்க வணிகர் அதை "சியலெதிபா" என்று எழுதினார். அங்கே கிடைக்கும் மணிக்கல்லைப் பற்றியும் குறித்து வைத்தார். அதற்கு முன்பே, 4-ஆம் நூற்றாண்டில் அம்மியானுஸ் என்ற ரோம வரலாற்றாசிரியர், பேரரசர் ஜூலியனிடம் தூது அனுப்பியவர்களில் "செரெந்திவி" மக்களைச் சேர்த்திருக்கிறார். இரண்டிலும் பின்பாதியில் இருப்பது நம் "தீவு". லகரம் ரகரமாகத் திரிந்து, இடையில் ஒரு மெல்லினம் நுழைந்து, அரபியில் சரந்தீப் ஆனது. இதைச் "சேரன் தீவு" என்று பிரித்துப் பொருள் சொல்பவர்கள் நம்மிடையே இருக்கிறார்கள். கேட்க இனிமையாக இருந்தாலும், சியலெதிபா போன்ற இடைப்பட்ட வடிவங்கள் அந்தப் பிரிப்புக்கு இடம் தரவில்லை. சிங்களத் தீவு என்பதற்கே அவை வழிகாட்டுகின்றன.

அரபு உலகில் சரந்தீப் என்ற பெயர் மணிக்கற்களோடு பிணைந்தது. சிந்துபாத் தன் ஆறாவது பயணத்தில் கரையொதுங்கி, மணிகள் இறைந்து கிடக்கும் ஓடை வழியே போய்ச் சேர்வது சரந்தீப்பில்தான். முதல் மனிதர் ஆதம் பூமியில் இறங்கிய மலை சரந்தீப்பில் உள்ளது என்பது இஸ்லாமிய மரபு. 1344-இல் இலங்கைக்கு வந்த இபின் பதூதா, தீவைச் சைலான் என்றும், சிவனொளிபாத மலையைச் சரந்தீப் மலை என்றும் எழுதுகிறார். குமாரசுவாமியின் காலத்திலும் அந்தப் பெயர் பழம்பொருளாகிவிடவில்லை. பிரிட்டிஷாரை எதிர்த்துத் தோற்ற எகிப்தியத் தளபதி உராபி பாஷாவோடு இலங்கைக்கு நாடு கடத்தப்பட்ட எகிப்தியக் கவிஞர் மஹ்மூத் சாமி அல்-பாரூதி, 19-ஆம் நூற்றாண்டின் கடைசி இருபதாண்டுகளில் இங்கிருந்து எழுதிய கவிதைகளில் தான் வாழும் தீவைச் சரந்தீப் என்றே அழைத்தார். ஒரு மணிக்கல் நாட்டின் புதிய கனிமத்துக்கு, உலகின் பாதி அந்த நாட்டை மணிக்கல்லுக்காக அறிந்திருந்த பெயரையே வைத்தது மிகப் பொருத்தம் என்பது என் கருத்து.

இனி, பெயர் குறிக்கும் பொருளைப் பற்றி. செரண்டிபைட் என்பது கால்சியம், மக்னீசியம், அலுமினியம், போரான், சிலிக்கான், ஆக்சிஜன் ஆகியவை சேர்ந்த போரோசிலிக்கேட்; இரும்பும் ஓரளவு இருக்கும். படிக அச்சுகள் மூன்றும் ஒன்றுக்கொன்று சாய்ந்திருக்கும் முச்சரிவுப் படிக அமைப்பு. கடினத்தன்மை மோஸ் அளவில் ஆறரை முதல் ஏழு. நீரைப் போல் ஏறத்தாழ மூன்றரை மடங்கு அடர்த்தி. நிறம் வெளிர்நீலம், பச்சை கலந்த நீலம், கருநீலம். பல நேரங்களில் கிட்டத்தட்டக் கறுப்பு. திருப்பிப் பார்க்கும் திசைக்கு ஏற்ப நீலமும் மஞ்சள் கலந்த பச்சையும் மாறி மாறித் தெரியும். நுண்ணோக்கியில் வைத்தால், இரட்டைப் படிகங்கள் அடுக்கடுக்கான கோடுகளாகத் தெரியும்.

இது ஏன் இத்தனை அபூர்வம்? போரான் பூமியில் கிடைக்காத தனிமம் அல்ல. ஆனால் உருமாறும் பாறைகளில் போரான் கிடைத்தால் அதைப் பெரும்பாலும் டூர்மலின் பிடித்துக்கொண்டுவிடும். (டூர்மலின் என்ற பெயரும் இலங்கைதான் தந்தது, "தோரமல்லி" என்ற சிங்களச் சொல் டச்சு வணிகர்களோடு ஐரோப்பாவுக்குப் போனது. நம் "குருந்தம்" கொரண்டம் ஆனதைப் போல.) செரண்டிபைட் உருவாக வேண்டுமானால், சிலிக்கா குறைவாகவும் கால்சியமும் மக்னீசியமும் அலுமினியமும் தாராளமாகவும் உள்ள இடத்தில், மிக உயர்ந்த வெப்பத்தில், டூர்மலின் நிலைத்து நிற்க முடியாத சூழலில் போரான் இருக்க வேண்டும். சுண்ணாம்புப் பாறையும் அலுமினியம் மிகுந்த பாறையும் தொடும் ஒடுங்கிய எல்லைகளில் மட்டுமே இத்தனையும் ஒன்றாக அமையும். அதனால்தான் உலகில் விரல்விட்டு எண்ணக்கூடிய இடங்களில் மட்டும் இது கிடைக்கிறது. கங்கபிட்டியவுக்குப் பிறகு நியூயார்க் மாநிலத்தின் ஜான்ஸ்பர்க்கில் கிடைத்தது 1932-இல் வெளியானது. கலிஃபோர்னியாவின் ரிவர்சைடு, கனடாவின் மெல்வில் தீபகற்பம், ரஷ்யாவின் யாகுதியா, மடகாஸ்கர், தான்சானியா, மியான்மரின் மோகோக் ஆகியவை பிறகு வந்தவை.

பெயர் இடத்தைக் குறித்தாலும், கல் எங்கிருந்து வந்தாலும் பெயர் அதேதான் என்பதை மறக்கக் கூடாது. நியூயார்க்கில் கிடைத்தாலும் அது செரண்டிபைட். பெயர், முதன்முதலில் விவரிக்கப்பட்ட இடத்தை நினைவில் வைத்திருக்கிறது; விற்கப்படும் கல்லின் பிறப்பிடத்துக்குச் சான்று அல்ல. மணிக்கல் சந்தையில் இதைக் கவனிக்க வேண்டும். பட்டை தீட்டத்தக்க தெளிவான செரண்டிபைட் இலங்கையில் கிடைத்தது மிக மிகக் குறைவு. மணிகளைக் கொண்ட சரளைப் படுகையான "இல்லம்" கழுவும்போது வந்த ஒரு சில கற்கள்தான். 2000-க்குப் பிறகு சந்தைக்கு வந்த பெரும்பாலானவை மோகோக்கின் கருமை மிகுந்த கற்கள். "பெயரே சரந்தீப், ஆகவே இலங்கைக் கல்" என்று யாராவது விலை சொன்னால் நம்பிவிடாதீர்கள்.

கண்ணால் பார்த்துச் செரண்டிபைட் என்று முடிவுகட்டவும் வழியில்லை. சஃபிரின், நீல ஸ்பினல், கருநீல டூர்மலின் எல்லாமே ஏமாற்றும். கல்லுக்குள் நுழையும் ஒளி எவ்வளவு வளைகிறது என்று காட்டும் ஒளிவிலகல் எண் 1.70-ஐ ஒட்டி இருக்க வேண்டும், நீலக்கல் 1.76-க்கு மேல் போய்விடும், டூர்மலின் 1.62 முதல் 1.64 வரை நின்றுவிடும். ஸ்பினல் 1.72 அளவில் நெருங்கி வரும், ஆனால் அது ஒளியை இரண்டாகப் பிரிக்கும் இரட்டை ஒளிவிலகல் காட்டாது. சஃபிரினோடுதான் உண்மையான சிக்கல். எண்களும் நெருக்கம், குடும்பமும் ஒன்று. அங்கே ராமன் நிறமாலையோ வேதிப் பகுப்பாய்வோ இல்லாமல் தீர்ப்புச் சொல்லக் கூடாது. விலை கொடுத்து வாங்குவதாக இருந்தால் ஆய்வகச் சான்றிதழில் கனிமத்தின் பெயர் "செரண்டிபைட்" என்று தனியாக எழுதப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். "செரண்டிப் நீலம்", "செரண்டிப் சஃபையர்" என்பதெல்லாம் இலங்கை நீலக்கல்லுக்கு வைக்கப்படும் விற்பனைப் பெயர்கள். அவற்றுக்கும் இந்தக் கனிமத்துக்கும் தொடர்பில்லை.

தமிழில் எழுதும்போது "செரண்டிபைட்" என்பதே போதும். "செரெண்டிபைட்" என்று எழுதுபவர்களும் உண்டு, அதுவும் தவறில்லை. ஒரு கட்டுரைக்குள் ஒன்றையே பிடித்துக்கொள்ளுங்கள். முதல் முறை வரும்போது "ப என்பதைக் கம்பம் என்பதில் போல ஒலிக்க" என்று ஒரு குறிப்புச் சேர்த்தால் செரண்டிபிட்டியோடு குழப்பம் வராது. தீவைக் குறிக்கும்போது அரபு ஒலிக்கு நெருக்கமான "சரந்தீப்" என்பதைப் பயன்படுத்தினால், உள்ளே இருக்கும் தீவும் கண்ணில் படும். "சரந்தீபக் கல்" என்று தமிழாக்கிக்கொள்ளலாமா என்றும் சிலர் கேட்பார்கள். கவிதையில் அழகாக இருக்கும். ஆனால் ஆய்வுக் கட்டுரையிலும் சான்றிதழிலும் வேண்டாம். இலங்கையின் எந்த மணிக்கல்லையும் அப்படிச் சொல்லிவிட முடியும் என்பதால், எந்தக் கனிமம் என்பதே தெரியாமல் போய்விடும்.